கோழித் தலை பார்த்த திசை

கோ லீஜூவைப் பற்றித் தைபே சினிமா வட்டாரத்தில் ஒரு பேச்சு உண்டு: தைவானிலேயே வெட்டாமல் இருப்பதற்குச் சம்பளம் வாங்குகிற ஒரே எடிட்டர். கிளப்பிவிட்டது யார் என்று தேடிப் போக வேண்டியதில்லை. அவளேதான். 1989இல் சிறந்த படத்தொகுப்புக்கான விருதை வாங்க மேடையேறியவள், மைக்கைப் பிடித்து, "ரெண்டேகால் மணி நேரப் படம். மொத்தம் அம்பத்தேழு வெட்டு. இன்னைக்குக் காலைல சூப்புக்கு வெங்காயத்தாள் நறுக்கினப்பவே இதைவிட அதிகமா வெட்டிட்டேன்" என்றாள். அரங்கம் சிரித்தது. முன்வரிசையில் உட்கார்ந்திருந்த டைரக்டர் லாய் ஷுன்ஃபா சிரிக்கவில்லை. படம் அவருடையது.

அந்த ஒரு பேச்சு, அவளுடைய முந்தைய பத்தொன்பது வருட வேலையையும் பிந்தைய பதினெட்டு வருட வேலையையும் தின்று ஏப்பம் விட்டுவிட்டது.

அவள் வேலைக்குச் சேர்ந்த விதமே ஒரு கூத்து. பதினேழு வயது. ஊருக்கு வடக்கே ஒரு பிலிம் கழுவும் நிறுவனத்தில் ஆள் எடுத்தார்கள். மதிப்பெண் கேட்கவில்லை, சிபாரிசுக் கடிதம் கேட்கவில்லை. இரண்டு உள்ளங்கையிலும் மை ஒற்றும் தாளை வைத்து ஐந்து நிமிடம் மூடிக்கொள்ளச் சொன்னார்கள். வியர்க்கும் கை பிலிமைக் கெடுக்கும் என்று, தாள் ஈரமானவர்களை வீட்டுக்கு அனுப்பினார்கள். லீஜூவின் தாள் மொரமொரவென்று இருந்தது. அப்படித்தான் ஒரு தொழில் அவளைத் தேர்ந்தெடுத்தது: திறமைக்காக அல்ல, வியர்க்காததற்காக. பிற்காலத்தில் சினிமா படித்த பிள்ளைகள் அவளிடம் வந்து, "எடிட்டிங் மேல உங்களுக்கு எப்படி ஆர்வம் வந்தது?" என்று கேட்கும்போதெல்லாம் அவளுக்கு உள்ளங்கைதான் ஞாபகம் வரும். ஆர்வம் பிறகு வந்தது. அல்லது வந்ததாக அவளே நினைத்துக்கொண்டாளா? அதை அவள் கடைசிவரை முடிவு செய்யவில்லை.

நெகட்டிவ் அறையில் வெள்ளைக் கையுறை போட்ட ஒன்பது பெண்கள். தும்மக்கூடக் கூடாது. நான்கு வருடம் தும்மாமல் இருந்துவிட்டு, சண்டைப் படக் கம்பெனி ஒன்றுக்கு மாறினாள். அங்கே ஒரு படத்துக்கு ஆயிரத்து ஐந்நூறு வெட்டு. கதாநாயகனின் குதிகால் வில்லனின் தாடைக்கு ஒரு சாண் முன்னால் நின்றுவிடும். நடுவில் இரண்டு பிரேமை உருவி எறிந்தால் போதும், உதை விழும், அரங்கில் விசில் பறக்கும். அந்தப் படங்களில் யாரும் யாரையும் அடித்ததில்லை. அடித்ததெல்லாம் லீஜூ. ஒரு சண்டை நடிகர் ஒருநாள் ஒரு பெட்டி பேரிக்காயோடு வந்து நின்றார். "என் கால் இவ்வளவு வேகம்னு எனக்கே தெரியாதுக்கா" என்றார். அவளுக்கு அன்றுதான் இந்த வேலை பிடித்தது என்று வைத்துக்கொள்ளலாம்.

சண்டைப் படம் ஓய்ந்து காதல் படம் வந்தது. அவற்றில் உலகம் மூன்றே அறை: வரவேற்பறை, சாப்பாட்டு அறை, காபிக் கடை. கதாநாயகி முதலாவதில் அழ ஆரம்பித்து, இரண்டாவதில் தட்டைத் தள்ளிவிட்டு, மூன்றாவதில் அழுது முடிப்பாள். ராணுவச் சட்டக் காலம். தணிக்கைக்கு வந்த அதிகாரி ஒருவர், பின்னணியில் தெரிந்த கொடி பறக்காமல் தொங்குகிறது, நாட்டுக்கு அவமானம், வெட்டு என்றார். "அன்னிக்குக் காத்து இல்லைங்க" என்றாள் லீஜூ. "அப்போ காத்தையும் சேத்து வெட்டு" என்றார் அவர். வெட்டினாள். கதாநாயகி பாதி வாக்கியத்தில் இருந்து நேராகக் காபிக் கடைக்குப் போய் விழுந்தாள். யாரும் எதுவும் கேட்கவில்லை. அழுகைக்கு நடுவே என்ன பேசினாலும் ஒன்றுதானே.

1983இல் லாய் வந்தார். ரப்பர் செருப்பு, வாயில் பாக்கு, கக்கத்தில் மூன்று பிலிம் டப்பா. லீஜூ டப்பாக்களைப் பார்த்தாள், அவருக்குப் பின்னால் வாசலைப் பார்த்தாள்.

"மீதி எங்க?"

"இவ்வளவுதான்."

போட்டுப் பார்த்தாள். தூரத்தில் ஒரு வீடு. வீட்டு வாசலில் ஒருவர் உட்கார்ந்திருக்கிறார். நான்கு நிமிடம் கழித்தும் உட்கார்ந்திருக்கிறார். ஐந்தாவது நிமிடத்தில் ஒரு நாய் குறுக்கே போகிறது.

"எப்ப ஏதாவது நடக்கும்?" என்றாள் லீஜூ.

"நடந்திருச்சே. நாய் போச்சுல்ல" என்றார் லாய்.

அவரைப் பைத்தியம் என்றுதான் முதலில் நினைத்தாள். மூன்றாம் தடவை ஓட்டியபோது, நாய் போனபிறகு அந்த ஆள் தன் காலை ஒரு அங்குலம் உள்ளே இழுத்துக்கொண்டதைப் பார்த்தாள். அந்த ஒரு அங்குலத்தில் அவர் யாருக்காகவோ காத்திருக்கிறார் என்பதும், அந்த யாரோ வரப்போவதில்லை என்பதும் இருந்தது. கால் இழுத்ததற்கு இரண்டு நொடி கழித்து நிறுத்தினால் படம். ஐந்து நொடி கழித்து நிறுத்தினால் கொட்டாவி. அந்த மூன்று நொடிதான் இனிமேல் தன் பிழைப்பு என்று அவளுக்குப் புரிந்தது. அதை யாருக்கும் சொல்லிப் புரியவைக்க முடியாது என்பதும் புரிந்தது.

முக்கியமாக அவள் நாத்தனாருக்கு. பாவ்யின், கணவரின் மூத்த அக்கா. ஆற்றுக்கு அந்தப் பக்கம் சான்சோங்கில் சிப்பி போட்ட சேமியாக் கடை வைத்திருந்தாள். லீஜூ வேலை செய்த எல்லாப் படத்தையும் பார்ப்பாள். பார்த்துவிட்டுத் திட்டுவாள். லாயின் முதல் படம் பார்த்துவிட்டு வெளியே வந்ததும் அவள் கேட்டது: "கேமராக்காரருக்கும் நடிகருக்கும் சண்டையா? எதுக்கு அவ்வளவு தூரத்துல போய் நின்னுக்கிட்டாரு?"

இப்படியே போனது. ஒவ்வொரு படத்திலும் எழுத்து ஓடும்போது 'படத்தொகுப்பு: லாய் ஷுன்ஃபா, கோ லீஜூ' என்று வரும். அவர் பெயர் முதலில். அவர் எடிட்டிங் அறையில் செய்ததெல்லாம் பாக்கு மென்றதும் தூங்கியதும்தான். ஆனாலும் அது வழக்கமாகிவிட்டது, லீஜூவும் கேட்கவில்லை. 2006இல் ஒரு கல்லூரியில் பேசக் கூப்பிட்டார்கள். ஒரு பெண் எழுந்து, கிண்டலாக இல்லாமல் உண்மையாகவே தெரிந்துகொள்ளும் ஆசையோடு, "லாய் டைரக்டர் படத்துல நீங்க சரியா என்ன பண்ணுவீங்க?" என்று கேட்டாள். "டீ போடுவேன்" என்றாள் லீஜூ. எல்லோரும் சிரித்தார்கள். திரும்பும் பேருந்தில் அவளுக்குச் சிரிப்பு வரவில்லை. ஐம்பத்து மூன்று வயதில், ஒரு கேள்விக்கு நகைச்சுவையைத் தவிர வேறு பதில் தன்னிடம் இல்லையே என்று இருந்தது.

அடுத்த வருடம் கோழி வந்தது.

லாயின் புதிய படம் ஒரு குடைத் தொழிற்சாலையைப் பற்றியது. முப்பது வருடம் அங்கே வேலை பார்த்த மேஸ்திரியை, ஆண்டுக் கடைசி விருந்தில் முதலாளி வீட்டுக்கு அனுப்புகிறார். எப்படி அனுப்புவார்? ஊரில் எல்லோரும் செய்வதுபோலத்தான். வாயைத் திறந்து சொல்ல மாட்டார். மேசைக்கு வரும் முழுக் கோழியின் தலை யாரைப் பார்த்து இருக்கிறதோ அவருக்குப் புத்தாண்டுக்குப் பிறகு வேலை இல்லை. முதலாளியையே பார்த்தால் எல்லோரும் தப்பித்தார்கள் என்று அர்த்தம். மேஸ்திரியாக நடித்தவர் தூ போவென், எழுபத்தெட்டு வயது. விருந்து முழுவதும் ஒரே ஷாட். பதினொரு நிமிடம், கேமராவில் பிலிம் தீரும்வரை. தொழிற்சாலை வாசலிலேயே தெருவில் பந்தல் போட்டு, கோயில் பக்கத்து ஆட்கள் எண்பது பேரை உட்காரவைத்து, ஒன்பது தடவை எடுத்தார்கள். முதல் எட்டில் பல்பு வெடித்தது, யாரோ இருமினார்கள், கோழியே ஒருமுறை கீழே விழுந்தது. ஒன்பதாவதில் எல்லாம் சரியாக அமைந்தது. தூ ஐயா அழுததைப் பார்த்து ஒலிப்பதிவுக்காரரும் அழுதார். லாய் "ஓகே!" என்று கத்த, எண்பது பேரும் கை தட்டினார்கள். மூன்றாம் நாள் தொழிற்சாலையை இடித்து அடுக்குமாடி கட்டப் பள்ளம் தோண்டிவிட்டார்கள். இனி திரும்ப எடுக்க இடமில்லை.

லீஜூவின் எடிட்டிங் அறை ஒரு ஸ்கூட்டர் ரிப்பேர் கடைக்கு மேல். கணினிக்கு மாறி எட்டு வருடம் ஆகியிருந்தது. அது மக்கர் பண்ணாமல் இருக்க, ஊரில் எல்லோரையும்போல அவளும் சகுனத்துக்காக அதன் தலையில் பச்சைப் பாக்கெட் மக்காச்சோளப் பொரியை வைத்திருந்தாள். முதல் தொகுப்பு முடிகிறவரை விருந்து ஷாட்டை ஓட்டியபோதெல்லாம் தூ ஐயாவின் முகத்தை மட்டும் பார்த்தாள். அது தயாரிப்பாளர் கைக்குப் போனபிறகு மறுபடி ஓட்டியபோதுதான் கோழியைப் பார்த்தாள்.

ஐந்தாவது நிமிடத்தில் பரிமாறுகிறவர் கோழியை வைக்கிறார். அதன் தலை மேஸ்திரியைப் பார்க்கிறது. சரி. ஆறரையாவது நிமிடத்தில், மேசையின் இந்தப் பக்கம் சிவப்புக் கம்பளிச் சட்டை போட்ட ஒரு பெண், மத்தியானத்திலிருந்து ஒன்பது தடவை பட்டினி உட்கார்ந்தவள், எதிர்ப்பக்கம் இருந்த இறாலின் மேல் ஆசைப்பட்டு, மேசை நடுவே இருக்கும் சுழல் தட்டை ஒரு விரலால் தள்ளுகிறாள். கோழி கிளம்புகிறது. கணக்கரைக் கடக்கிறது, டிரைவரைக் கடக்கிறது, ஸ்டேஷனுக்குள் நுழையும் ரயில் மாதிரி மெதுவாகி, முதலாளிக்கு நேர் எதிரே நிற்கிறது. அப்போதுதான் எல்லோரும் சாப்பிடுகிற குச்சியை எடுக்கிறார்கள். எட்டாவது நிமிடத்தில் மேஸ்திரி அழ ஆரம்பிக்கிறார். கோழியைப் பார்க்காமல் நடிக்க வேண்டும் என்று லாய் அவருக்குச் சொல்லியிருந்தார். அவர் உண்மையிலேயே பார்க்கவில்லை.

லீஜூ போனை எடுத்தாள். "டைரக்டரே, கொஞ்சம் வாங்க. கோழி நகந்திருச்சு."

லாய் வந்து பார்த்தார். பாக்கு மெல்லுவது நின்றது. கூடவே தயாரிப்பாளர் ரேமண்டும் வந்திருந்தான். முப்பத்திரண்டு வயது, அமெரிக்காவில் படித்தவன்.

"இதுல என்ன? தலை கொஞ்சம் திரும்பியிருக்கு, அவ்வளவுதானே?" என்றான் ரேமண்ட்.

"கொஞ்சமா?" என்றாள் லீஜூ. "குச்சிய எடுக்கும்போது தலை எங்க இருக்கோ அதுதான் கணக்கு. முதலாளியப் பாத்தா யாருக்கும் வேலை போகலைன்னு அர்த்தம். அப்புறம் இந்த ஆளு எதுக்கு அழுறாரு? அடுத்த நாப்பது நிமிஷம் எதுக்கு வேலை போன மாதிரி தெருத்தெருவா அலையறாரு?"

"கோழிய மட்டும் பக்கத்துல போய் எடுத்து நடுவுல சொருகிடலாமே?"

லாய் திரும்பி அவனைப் பார்த்த பார்வையில் ரேமண்ட் நாற்காலியோடு ஒரு அடி பின்னால் போனான். லாய் இருபத்து நான்கு வருடமாக க்ளோசப் எடுத்ததில்லை. கோழிக்காக ஆரம்பிப்பாரா?

"சரி, அப்ப நான் சொல்றேன்" என்றாள் லீஜூ. "அந்தப் பொண்ணு விரலை நீட்டுறதுக்கு முன்னாடி வெட்டிடறேன். அழுற இடத்துக்குப் போயிடலாம். தலை மறைஞ்சிரும்."

"என் கழுத்த வெட்டு. அத வெட்டாத."

"உங்க கழுத்த வெட்டி என்ன டைரக்டரே பிரயோஜனம், அது ஷாட்ல இல்லையே."

ரேமண்ட் தொண்டையைச் செருமினான். ஐரோப்பாவில் ஒரு பெரிய விழாக்காரர்கள் முதல் தொகுப்பைப் பார்த்துவிட்டார்களாம். போட்டிப் பிரிவில் எடுத்துக்கொண்டார்களாம். படங்களைத் தேர்ந்தெடுக்கிற அம்மாள் அழுதேவிட்டாராம். "அவங்களுக்குக் கோழியும் தெரியாது, தலையும் தெரியாது. யாருமே கவனிக்க மாட்டாங்க, ஜூ அக்கா."

"சான்சோங்ல கவனிப்பாங்க."

"சான்சோங்ல யாரு லாய் டைரக்டர் படம் பாக்கறாங்க?"

இது உண்மை. கீழே யாரோ ஸ்கூட்டரை உறுமவிட்டார்கள்.

"அப்படியே போகட்டும்" என்றார் லாய் கடைசியில்.

"போகட்டும். என் பேரு இல்லாம போகட்டும்" என்றாள் லீஜூ. சொன்னபிறகுதான் அவளுக்கே அது காதில் விழுந்தது. டீ போடுகிறவள் என்று சிரித்தால் சிரித்துவிட்டுப் போகட்டும். கோழித் தலை எந்தப் பக்கம் இருக்கிறது என்றுகூடப் பார்க்காதவள் என்று ஒருவர் சொன்னால், அதற்கு மேல் அவளிடம் என்ன இருக்கிறது? "ஒண்ணு செய்யலாம். நாளைக்கு மத்தியானம் என்கூட வாங்க. நாலு பேர் பாக்கட்டும். அவங்க ஒண்ணும் சொல்லலைன்னா நானும் வாய மூடிக்கறேன்."

மறுநாள் பன்னிரண்டரை மணிக்கு பாவ்யினின் கடையில் இருபது பேர் சேமியா உறிஞ்சிக்கொண்டிருந்தார்கள். சுவரில் டிவி. லீஜூ குறுந்தட்டைப் போட்டாள். பதினொரு நிமிடம். லாய் மூலையில் தொப்பியை இறக்கிவிட்டு உட்கார்ந்தார். பந்தலைப் பார்த்ததும் கடை அமைதியாகிவிட்டது. சொந்த ஊர்ப் பந்தலை டிவியில் பார்த்தால் யாருக்கும் ஒரு கணம் மரியாதை வரும். கோழி வந்தது. "அய்யோ, பெரியவருக்கா!" என்றாள் ஒரு அம்மாள். லாய் தொப்பியைச் சற்று உயர்த்தினார். சிவப்புச் சட்டைக்காரி விரலை நீட்டினாள்.

"ஏய், ஏய், ஏய், சுத்தாத!" என்று குழாய் ரிப்பேர்க்காரர் ஒருவர் டிவியைப் பார்த்துக் கத்தினார்.

"கணக்கப்பிள்ளைக்கு... இல்ல, தாண்டிருச்சு."

"டிரைவர் போச்சு."

"முதலாளி! முதலாளிக்கே! அப்பாடா!"

கடையே கை தட்டியது. அந்த அம்மாள் நெஞ்சில் கை வைத்துக்கொண்டாள். அதன் பிறகு மேஸ்திரி அழ ஆரம்பித்தார். கைதட்டல் குழம்பி நின்றது.

"இவரு ஏன் அழுறாரு? வேலைதான் போகலையே?"

"சந்தோஷமா இருக்கும்."

"சந்தோஷத்துல யாரு அப்படி அழுவா? மூக்கப் பாரு."

"நான் சொல்றேன்" என்றார் குழாய்க்காரர். "இன்னும் ஒரு வருஷம் இந்த ஆளுகிட்டயே குப்பை கொட்டணுமேன்னு அழுறாரு!"

இருபது பேரும் சிரித்த சிரிப்பில் ஒருவருக்குப் புரை ஏறியது. மூலையில் லாயின் தொப்பி மறுபடி இறங்கியது. பாவ்யின் மட்டும் சிரிக்கவில்லை. அகப்பையால் பானையைக் கிளறிக்கொண்டே, யாரையும் பார்க்காமல் சொன்னாள்:

"சிரிக்காதீங்க. எங்க வீட்டுக்காரரு சாயப் பட்டறைல இருந்தப்ப வருஷா வருஷம் அந்தக் கோழி அவரப் பாக்கணும்னு கும்பிட்டுட்டுத்தான் விருந்துக்குப் போவாரு. தானா வேலைய விட்டா ஊரு பேசும், எங்க மாமியா பேசுவா, நான் பேசுவேன். அவங்களா அனுப்பினா யாரு என்ன சொல்ல முடியும்? பதினாறு வருஷம். ஒரு தடவைகூட அது அவரு பக்கம் திரும்பல. வீட்டுக்கு வந்து, 'தப்பிச்சேன்'னு சொல்லி மூஞ்சியக் கழுவுவாரு. ரொம்ப நேரம் கழுவுவாரு." பிறகு லாயின் பக்கம் அகப்பையை நீட்டினாள். "இன்னொரு கிண்ணம் போடவா, டைரக்டரே? உங்களுக்கு மூஞ்சியே சரியில்லையே."

லீஜூ வீட்டுக்குப் போகவில்லை. நேரே ஸ்கூட்டர் கடை மாடிக்குப் போய் உட்கார்ந்தாள்.

பதினெட்டு நாள் வேலை. விருந்துக்குப் பிறகு மேஸ்திரி அலைகிற நாற்பது நிமிடத்தையும் தூக்கி விருந்துக்கு முன்னால் வைத்தாள். இப்போது அவர் வேலை போன ஆள் இல்லை, வேலைக்கு மட்டம் போடுகிற ஆள். பேருந்தில் கடைசி நிறுத்தம்வரை போகிறார், வருகிறார். பூங்காவில் அடுத்தவர்கள் உடற்பயிற்சி செய்வதைப் பார்க்கிறார். படகில் ஏறி இறங்காமலே திரும்புகிறார். எல்லாக் காட்சியிலும் கையில் சிவப்புக் குடை இருந்தது. பழைய கதைப்படி அது அவருக்குக் கொடுத்த பிரிவுப் பரிசு. இதற்கு ஒரு நாள் தலையைப் பிய்த்துக்கொண்டாள். அப்புறம் சிரித்தாள். குடைத் தொழிற்சாலைக்காரன் கையில் குடை இருந்தால் யார் காரணம் கேட்கப் போகிறார்கள்? லாய் உயிராய் நினைத்த ஒன்பது நிமிடப் படகு ஷாட் இரண்டே முக்கால் நிமிடமானது. மூடுபனி நன்றாகத்தான் இருந்தது, ஆனால் முதல் இரண்டே முக்கால் நிமிடத்தில் எவ்வளவு நன்றாக இருந்ததோ அவ்வளவேதான் கடைசிவரை இருந்தது. மொத்தம் முப்பத்து நான்கு நிமிடம் வெட்டில் போயிற்று. விருந்து ஷாட் கடைசிக்கு வந்தது. அதில் ஒரு பிரேமைக்கூட அவள் தொடவில்லை. கோழியின் தலை மேஸ்திரியைப் பார்க்கும்போது அவர் நிமிர்ந்து உட்கார்வது இப்போது நம்பிக்கையாகத் தெரிந்தது. கோழி நகர்ந்தது. அவர் அழுதார். அந்த அழுகையின் மேலேயே பெயர்கள் ஓடின.

வெட்டாமல் இருந்த இருபத்து நான்கு வருடத்துக்கும் சேர்த்து வெட்டியதுபோல அவளுக்குத் தோள்பட்டை வலித்தது.

லாய் பார்த்தார். கீழே இறங்கிப் போய், ஸ்கூட்டர் கடை வாசலில் ஒரு குட்டை ஸ்டூலில் உட்கார்ந்தார். மாடி ஜன்னலில் இருந்து பார்க்க அவர் படத்தில் வரும் ஆள் மாதிரியே இருந்தார். நாய்தான் இல்லை. கால் மணி நேரம் கழித்து மேலே வந்தார்.

"இது என் படமில்ல."

"ஒரு அடி பிலிம்கூட வெளியில இருந்து வாங்கல. எல்லாம் நீங்க எடுத்ததுதான்."

"படகு எங்க?"

"இருக்கே. ஏறுறாரு, திரும்பறாரு."

"பனி?"

"பனியும் இருக்கு. கொஞ்சமா இருக்கு."

"கொலைகாரி."

"ஆமா" என்றாள் லீஜூ. "டைரக்டரே, ரெண்டும் இருக்கு. பழசு அந்த மேசைல, புதுசு இந்த மேசைல. பழசுதான்னா ஐரோப்பாவுக்குப் போங்க, நல்லா கை தட்டுவாங்க. அதுல என் பேரு வேண்டாம். இங்க பாக்கறவங்களுக்கு அது பொய்."

லாய் வெகுநேரம் பாக்கு மென்றார். அவருடைய அப்பாவும் ஆலைத் தொழிலாளிதான். அதை நினைத்தாரா, குழாய்க்காரரின் சிரிப்பை நினைத்தாரா என்று லீஜூவுக்குத் தெரியவில்லை. அவர் எதையும் விளக்குகிற ஆள் இல்லை. காகிதக் கோப்பையில் சிவப்பாகத் துப்பிவிட்டுச் சொன்னார்:

"புதுச அனுப்பு. ஆனா ஒண்ணு. படத்தொகுப்புன்னு போடற இடத்துல என் பேர எடுத்துரு. இந்தக் கொலைக்கு நான் உடந்தை இல்ல."

தண்டனையாகத்தான் சொன்னார். லீஜூ "சரி" என்றாள். பிறகு கழிப்பறைக்குப் போய்க் கதவைச் சாத்திக்கொண்டு, குழாயைத் திறந்துவிட்டு, வாயில் துண்டை அடைத்துக்கொண்டு, சிரித்தாளா அழுதாளா என்று சொல்ல முடியாதபடி நின்றாள். முப்பத்தேழு வருடத்தில் முதல்முறையாக உள்ளங்கை வியர்த்திருந்தது.

ஐரோப்பியர்கள் மிகவும் நாகரிகமாக ஒரு கடிதம் எழுதி, பழைய தொகுப்பில் இருந்த மௌனம் காணாமல் போய்விட்டதாக வருந்தி, படத்தைக் கைகழுவினார்கள். ரேமண்ட் இரண்டு வாரம் யாருடனும் பேசவில்லை.

அக்டோபரில் சிமென் பகுதியில் ஒரு தியேட்டரில் படம் வெளியானது. சனிக்கிழமை மதியக் காட்சி. அரங்கு முக்கால்வாசி நிறைந்தது. அதில் பதினொரு பேர் பாவ்யினின் வாடிக்கையாளர்கள், சேமியாவுக்குத் தள்ளுபடி தருவதாகச் சொல்லிக் கூட்டிவந்தவர்கள். லாய் உள்ளே வர மறுத்து, பாப்கார்ன் விற்கும் இடத்தருகே தூணில் சாய்ந்து நின்றார். லீஜூ கதவைக் கொஞ்சம் திறந்து வைத்துக்கொண்டு வாசலில் நின்றாள்.

கோழி வந்தது. விரல் நீண்டது. கணக்கர். டிரைவர். அரங்கில் மூச்சு நின்றது அவளுக்குக் காதால் தெரிந்தது. முதலாளி. சிரிப்பு வெடித்தது.

"சிரிக்கறாங்க" என்றார் லாய். "எடுத்தப்ப நான் அழுதேன், தெரியுமா? இவங்க சிரிக்கறாங்க."

"பொறுங்க."

இதுதான் அவள் பயந்த இடம். சிரித்த கூட்டம் அடுத்த ஒன்றரை நிமிடமும் சிரித்துக்கொண்டே இருந்தால், அழுகை வரும்போது அதற்கும் சிரிக்கும். அப்படிச் சிரித்தால் அவள் செய்தது கொலைதான். பிரேம்களை எண்ணுகிற பழைய பழக்கத்தில் எண்ண ஆரம்பித்தாள். சிரிப்பு தேய்ந்தது. யாரோ ஒருவர் மட்டும் இன்னும் சிரித்துக்கொண்டிருந்தார், குழாய்க்காரராக இருக்கலாம். தூ ஐயா குச்சியைக் கீழே வைத்தார். மறுபடி எடுத்தார். ஒரு துண்டுக் கறியை வாயில் போட்டு, மென்று, அழுதார். அந்த ஒரு சிரிப்பும் நின்றது. நூற்று நாற்பது பேர் உட்கார்ந்திருந்த அரங்கில் குளிர்சாதன எந்திரத்தின் இரைச்சல் மட்டும். பிறகு நடுவரிசையில் யாரோ மூக்கைச் சிந்தினார்கள். அது பாவ்யினின் மூக்கு. அந்தச் சத்தம் லீஜூவுக்குத் தெரியும்.

லாய் தூணை விட்டு நகர்ந்து அவள் பக்கத்தில் வந்து நின்றிருந்தார். கதவிடுக்கில் எட்டிப் பார்த்தார். திரையைப் பார்க்கவில்லை, முகங்களைப் பார்த்தார். நன்றாக நேரம் எடுத்துக்கொண்டார்.

"ஜூ" என்றார் மெதுவாக.

"சொல்லுங்க."

"அந்தப் படத்தொகுப்பு கார்டு... அதுல என் பேரையும் போட்டுடலாமே. எப்பவும் போல. எத்தனை பிரிண்ட் போயிருக்கு?"

"பன்னெண்டு."

"பன்னெண்டுதானே. கடைசி ரீல் மட்டும் மாத்தினாப் போதும்."

"போதும்" என்றாள் லீஜூ. "ஆனா பேரு ஓடறது விருந்து ஷாட் மேல. மாத்தணும்னா அந்த ஷாட்ட அங்க வெட்டி ஒட்டணும், பன்னெண்டு பிரிண்ட்லயும். கத்தரி பைலயே இருக்கு, டைரக்டரே. வெட்டட்டுமா?"

லாய் பாக்கு டப்பாவைத் தேடிப் பையைத் தடவினார். லீஜூ கதவைத் தள்ளிக்கொண்டு உள்ளே போனாள். பெயர்கள் ஓட ஆரம்பித்திருந்தன.